வலது கை நகங்கள்

ஜூடித் போனைக் காதுக்கும் தோளுக்கும் நடுவே இடுக்கிக்கொண்டு, சாப்பாட்டு மேசையின் ஒரு முனையைத் தூக்கி நடைக்குள் இழுத்துக்கொண்டிருந்தாள். போனில் கத்பர்ட், ஊர்ப் பாட்டுக் கூட்டத்தை நடத்துகிற அப்பாவின் பழைய நண்பர். மாலை நாலு மணிக்கு வீட்டில் பாடப் பதினோரு பேர் வருவோம் என்று முந்தாநாள் சொன்ன மனிதர், இப்போது பதினான்கு என்றார். அதில் ஒன்பது கிட்டார், ஒரு ஃபிடில், மீதிப் பேர் வெறும் தொண்டை. நாற்காலி போதாவிட்டால் தரையில் உட்கார்ந்துகொள்வார்களாம். எழுபது தாண்டியவர்கள் தரையில் உட்கார்ந்தால் யார் தூக்கிவிடுவது என்று ஜூடித் கேட்டாள். அடுத்த பாட்டு ஆரம்பித்தால் தானாக எழுந்துவிடுவோம் என்றார் அவர்.

அப்போது முன்னறைக் கதவைத் திறந்து மோய்ரா எட்டிப் பார்த்தாள். வீட்டுக்கு வந்து பார்த்துவிட்டுப் போகும் நர்ஸ். வழக்கமாக வருகிறவளுக்கு அன்று விடுமுறை. மோய்ரா அன்றுதான் முதல் முறையாக அந்த வீட்டுக்குள் காலெடுத்து வைத்திருந்தாள்.

"அப்பா நெஞ்சு பூரா பிறாண்டி வச்சிருக்கார் கண்ணு. ரத்தமே வந்துருச்சு. அந்த வலது கை ஓயவே மாட்டேங்குது, நகமும் இவ்வளவு நீளம். வெட்டிடவா?"

கத்பர்ட் குலுக்கல் சீட்டைப் பற்றி ஏதோ கேட்டுக்கொண்டிருந்தார். ஜூடித் ஒரு கையால் போனை மூடிக்கொண்டு, "சரி, வெட்டிடுங்க" என்றாள்.

கதவு சாத்திக்கொண்டது. கத்பர்ட் விட்ட இடத்திலிருந்து தொடர்ந்தார். நாற்பத்தாறு வருடமாக எந்தக் கூட்டமும் இடைவேளையில் குலுக்கல் இல்லாமல் நடந்ததில்லை, சாகக் கிடக்கிறவன் வீட்டில் நடத்தினால் தப்பாகத் தெரியுமா, பரிசாக ஒரு பிஸ்கட் டப்பா மட்டும் வைத்தால் போதாதா என்பது அவர் கவலை. ஜூடித் பதில் சொல்ல வாயெடுத்தபோது உள்ளேயிருந்து நகவெட்டியின் சத்தம் கேட்டது. சின்னச் சத்தம்தான்.

முதல் சத்தத்திலேயே அவளுக்குத் தெரிந்துவிட்டது. ஓடிப்போய்த் தடுத்திருக்கலாம். நாலே எட்டு. அவள் மேசையின் முனையைப் பிடித்தபடி அங்கேயே நின்றாள். இரண்டாவது சத்தம் கேட்டது, மூன்றாவது கேட்டது. ஐந்தும் முடிந்த பிறகுதான் அவளுக்குக் கால் வந்தது.

ஜூடித்தின் அப்பா வில்ஃப் ஹெட்லியின் வலது கை நகங்களைப் பற்றிக் கொஞ்சம் சொல்லியாக வேண்டும். வட இங்கிலாந்தில் எங்கள் நார்தம்பர்லாந்துக் கரையில் அவரைத் தெரியாதவர்களுக்குக்கூட அந்த நகங்களைத் தெரியும். சுரங்கத்து விளக்கறையில் ஆட்களுக்கு விளக்கு எடுத்துக் கொடுக்கிற வேலையில் சேர்ந்தபோதே அவர் நகம் வளர்க்க ஆரம்பித்துவிட்டார். பத்தொன்பது வயது. சுரங்கத்தில் நகம் வளர்க்கிற ஆண்பிள்ளையை என்னென்ன சொல்லியிருப்பார்கள் என்று நீங்களே யோசித்துக்கொள்ளலாம். மூன்று வருடம் பல்லைக் கடித்துக்கொண்டு இருந்துவிட்டு, கிட்டாரை ஒரு பழைய வேனில் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டார். அதற்குப் பிறகு ஐம்பது வருடம் அதே பிழைப்பு. ஒவ்வொரு ஊரிலும் ஏதோ ஒரு பப்பின் மாடி அறை, முப்பது நாற்காலி, மைக் கிடையாது, ஒயர் கிடையாது. வாசித்து முடித்த பிறகு கூட்டம் நடத்துகிறவர் வீட்டு சோபாவில் தூக்கம். வருடத்தில் இருநூறு இரவுகள் இப்படி. பெயர்பெற்ற பாடகி ஒருத்தி தனக்கு வாசிக்க அவரை அமெரிக்காவுக்குக் கூட்டிப்போனாள். மூன்றாவது வாரமே திரும்பி வந்துவிட்டார். நாற்காலி கிறீச்சிடுவது காதில் விழாத அரங்கத்தில் தனக்கு வாசிக்க வராது என்று காரணம் சொன்னார். 'விளக்கறை' என்று அவர் கட்டிய மெட்டை மட்டும் கலங்கரை விளக்கங்கள் பற்றிய ஒரு தொலைக்காட்சித் தொடரில் போட்டார்கள். அதைக் கேட்டுவிட்டு ஜப்பானிலிருந்து இரண்டு பையன்கள் தேடிக்கொண்டு வந்து, வாசலில் நின்று குனிந்து வணக்கம் சொன்னார்கள். அவர் குப்பைத் தொட்டியை உள்ளே இழுத்துக்கொண்டிருந்தார். இடது கையால்தான்.

ஏனென்றால் வலது கை எதற்கும் வராது. பாத்திரம் கழுவாது, டின் திறக்காது, விறகு பிளக்காது, பந்து பிடிக்காது. இடது கை நகங்களை ஒட்ட வெட்டி, விரல் நுனியெல்லாம் காய்த்துப்போய்க் கிடக்கும். வலது கையில் கட்டை விரலும் அடுத்த மூன்று விரல்களும் நகம் வளர்த்து, தேய்த்து, மெருகேற்றி, ராணி வீட்டுப் பிள்ளைகள் போல இருக்கும். மனைவி நோரீன் உயிரோடு இருந்தவரை, நீ தூங்கும்போது ஒருநாள் வெட்டிவிடுகிறேனா இல்லையா பார் என்று மிரட்டிக்கொண்டே எல்லா வேலையையும் தானே செய்தாள். ஜூடித்துக்கு அப்பா என்றால் இடது கைதான். சாலையைக் கடக்கும்போது பிடித்தது அது, சைக்கிள் இருக்கையைத் தாங்கியது அது. வலது கை கிட்டாருடைய சொத்து.

அவளுக்கு எட்டு வயதிருக்கும்போது வேனின் இழுவைக் கதவில் அவள் மோதிர விரல் மாட்டிக்கொண்டது. கத்தினாள். அப்பா பாய்ந்து வந்தார். கைப்பிடியை நோக்கி வலது கை போனது. போன கை நடுவில் நின்றது. ஒரு நொடி அவர் அந்தக் கையைப் பார்த்தார். பிறகு உடம்பைத் திருப்பி, இடது கையால் கதவை இழுத்தார். அவ்வளவுதான் நடந்தது. அவள் விரலிலிருந்து நகம் கழன்று விழுந்து, பிறகு கோணலாக முளைத்தது. விரல் வலித்தது ஒரு வாரம்தான். அந்த ஒரு நொடியை அவள் நாற்பத்து மூன்று வருடமாக மன்னிக்கவில்லை. யாரிடமும் சொன்னதுமில்லை.

முன்னறையில் மோய்ரா வெட்டிய நகங்களை ஒரு காகிதத் துணியில் சேர்த்து மடித்துக்கொண்டிருந்தாள். ஒரு கையில் ஒட்ட வெட்டி, இன்னொரு கையில் இப்படி வளர்த்து வைத்திருக்கிறாரே, வழக்கமாக வருகிறவள் பாதியிலேயே விட்டுவிட்டாள் போலிருக்கிறது என்று வருத்தப்பட்டாள். நல்ல பெண். காயங்களைத் துடைத்து மருந்து போட்டிருந்தாள், போர்வையின் சுருக்கத்தை நீவியிருந்தாள். வலி மருந்தைக் கூட்டவா என்று கேட்டபோது அவர் மறுத்துவிட்டதாகவும், நாலு மணி தாண்டட்டும் என்று சொல்லிவிட்டுத்தான் கண்ணை மூடினார் என்றும் சொன்னாள். வலியை எதற்கு இப்படித் தாங்கிக்கொள்கிறார் என்று அவளுக்குப் புரியவில்லை.

ஜூடித்துக்குப் புரிந்திருந்தது. நாலு மணிக்கு அவர் வாசிக்கப் போகிறார். படுத்தபடியே கிட்டாரை வயிற்றின் மேல் சாய்த்துக்கொண்டு ஒரே ஒரு மெட்டு. மருந்து கூடினால் விரல் குழறும். அதற்காக மூன்று நாளாகப் பல்லைக் கடித்துக்கொண்டிருந்தார். தூக்கத்திலும் அந்தக் கை நெஞ்சின் மேல் வாசித்துப் பழகிக்கொண்டிருந்தது. அந்தக் கையின் நகங்களைத்தான் அவள் வெட்டச் சொல்லியிருந்தாள்.

மோய்ரா போனதும் கத்பர்ட்டைக் கூப்பிட்டாள். விஷயத்தைச் சொன்னாள்.

"நாலுமா?" என்றார் அவர்.

"அஞ்சும்."

"யாரு வெட்டச் சொன்னது?"

"நர்ஸ் தானாவே வெட்டிட்டா, அங்கிள்."

கத்பர்ட் அந்த நர்ஸையும், அவளை அனுப்பியவர்களையும், அவர்களுக்கு உரிமம் கொடுத்தவர்களையும் வரிசையாகத் திட்டினார். ஜூடித் கேட்டுக்கொண்டிருந்தாள். ஒரு வார்த்தை சொல்லி நிறுத்தியிருக்கலாம். சொல்லவில்லை. விரல் சதையால் வாசித்தால் என்ன என்று மட்டும் கேட்டாள். கையுறை போட்டுக்கொண்டு குழந்தையைத் தொடுகிற மாதிரி இருக்கும் அவனுக்கு, வாசிக்கவே மாட்டான் என்றார் கத்பர்ட். கூட்டத்தை ரத்து செய்துவிடலாமா என்று கேட்டார். அவள் யோசிக்கவில்லை. "வேணாம். வாங்க" என்று வைத்துவிட்டாள்.

அப்பாவின் நகப் பெட்டி கிட்டார் பெட்டிக்குள்ளேயே இருந்தது, ஒரு பழைய புகையிலை டப்பா. சொரசொரப்பானதிலிருந்து வழவழப்பானது வரை உப்புத்தாள் துண்டுகள், சூப்பர் குளூ, ஒரு சின்னக் கத்தரிக்கோல், ஒரு டேபிள் டென்னிஸ் பந்து. பந்தில் அங்கங்கே பிறை பிறையாகத் துண்டு எடுத்திருந்தது. நகம் ஒடிந்த நாட்களில் பந்தை வெட்டி விரலில் ஒட்டிக்கொள்வது எங்கள் கிட்டார்க்காரர்கள் செய்கிற வேலை. பந்தின் வளைவும் நகத்தின் வளைவும் ஒன்றுதான். இப்போது கடையில் வருகிற பந்து ஆகாது, பழைய செல்லுலாய்டு பந்துதான் சரியான ஓசை தரும் என்று அவர் அதைப் பத்திரப்படுத்தி வைத்திருந்தார்.

ஜூடித் யாரிடமும் கற்றுக்கொண்டதில்லை. ஆனால் சின்ன வயதில் அடுப்படி மேசையில் கன்னத்தில் கை வைத்துக்கொண்டு எத்தனையோ முறை பார்த்திருக்கிறாள். மற்ற வீடுகளில் அப்பாக்கள் கார் துடைக்கிற நேரத்தில் அவள் அப்பா நகம் ஒட்டிக்கொண்டிருப்பார். அதோடு, ஆனிக் ஊரில் ஒரு மூக்குக்கண்ணாடிக் கடையில் இருபத்தாறு வருடமாக எறும்புத் தலை அளவு திருகாணிகளை முடுக்கிப் பழகிய கை அவளுடையது. சமையலறையிலிருந்து சோடா உப்பை ஒரு கிண்ணத்தில் எடுத்து வந்தாள். பசையின் மேல் ஒரு சிட்டிகை தூவினால் கல்லாக இறுகிவிடும்.

கட்டிலருகே உட்கார்ந்து அப்பாவின் வலது கையை எடுத்துத் தன் மடியில் வைத்துக்கொண்டாள். அந்தக் கையை அவ்வளவு நேரம் பிடித்திருந்தது அதுதான் முதல் முறை. இவ்வளவு லேசாக இருக்கும் என்று அவள் நினைத்ததில்லை. உள்ளங்கை, வேலையே செய்யாத கையின் உள்ளங்கை, மிருதுவாக இருந்தது. அவளுக்கு அழுகை வரவில்லை. வெட்கமாக இருந்தது. சாகப் போகிற மனிதனிடம் கணக்குத் தீர்த்துக்கொண்டோமே என்று உடம்பு கூசியது.

கட்டை விரலுக்கு ஒரு துண்டு வெட்டினாள். அளவு பார்த்தாள், ஓரத்தைக் குறைத்தாள், மறுபடி அளவு பார்த்தாள். குட்டையாக வெட்டப்பட்டிருந்த நகத்தின் மேல் ஒரு சொட்டுப் பசை, அதன் மேல் துண்டு, இருபது எண்ணும்வரை அழுத்தம், அப்புறம் சோடா. பசை வாடை எழுந்தது. ஆள்காட்டி விரலுக்கு வெட்டிய முதல் துண்டு விரிசல் விட்டது. இரண்டாவது சரியாக வந்தது. நடுவிரலில் பசை கூடிப்போய்த் தன் விரலையே அவர் விரலோடு ஒட்டிக்கொண்டாள். இழுத்தால் அவருக்கு வலிக்கும். பக்கத்தில் இருந்த வெந்நீர்த் துணியை எட்டி எடுத்து, அது ஊறிப் பிரிகிறவரை அப்படியே உட்கார்ந்திருந்தாள். ஜன்னலுக்கு வெளியே மழை பிடித்துக்கொண்டது. துறைமுகத்துப் பக்கம் நீர்க்காக்கைகள் சண்டை போட்டுக்கொண்டன.

நாலாவதையும் ஒட்டி, பந்து தெரியாமல் ஓரங்களைத் தேய்த்து இறக்கும்போது மணி மூன்றைத் தாண்டியிருந்தது. வில்ஃப் கண்ணைத் திறந்தார்.

மணி என்ன என்று கேட்டார். சொன்னாள். தலையை அசைத்துவிட்டு வழக்கம்போல, கண் விழித்ததும் காலம் காலமாகச் செய்வதுபோல, கட்டை விரலால் மற்ற மூன்று நகங்களின் உள்பக்கத்தையும் ஒவ்வொன்றாக வருடினார். பாதியில் விரல் நின்றது. கையை முகத்துக்கு நேரே கொண்டுபோக முயன்றார். ஜூடித் முழங்கையைத் தாங்கிக்கொடுத்தாள்.

"இது என்னோடது இல்லையே."

"இல்லப்பா."

"யாரு வெட்டினது?"

"நர்ஸ்." அதோடு நிறுத்தியிருக்கலாம். கத்பர்ட்டிடம் சொன்ன பொய் அங்கே தயாராக இருந்தது. "நான்தான் வெட்டச் சொன்னேன்" என்றாள்.

"மறந்துபோயா?"

"மறக்கலப்பா. மொதல் சத்தத்துலயே தெரிஞ்சுது. போய் நிறுத்தல."

வில்ஃப் அவள் முகத்தைப் பார்க்காமல் கூரையைப் பார்த்தார். அவர் நெஞ்சு ஏறி இறங்குவதையே அவள் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு அவர் உடம்பு குலுங்கியது. இருமல் என்று நினைத்துக் குனிந்தாள். சிரிப்பு.

"உங்கம்மா முப்பத்தஞ்சு வருஷம் மிரட்டினா. ஒரு தடவ கத்தரிக்கோல எடுத்துக்கிட்டு மாடி வரைக்கும்கூட வந்தா." மூச்சு வாங்கினார். "அவளுக்கு மனசு வரல. நீ முடிச்சுட்ட."

ஜூடித்துக்குச் சிரிப்பு வரவில்லை. இனி கேட்க நேரம் இருக்காது என்று தெரிந்தது.

"வேன் கதவுல என் விரல் மாட்டினப்போ நீங்க உங்க கையப் பாத்தீங்கப்பா."

எந்த வேன், எந்தக் கதவு என்று அவர் கேட்கவில்லை.

"பாத்தேன்" என்றார்.

வேறு சமாதானம் எதுவும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அவள் எழுந்து போயிருப்பாள். அந்த ஒரு சொல் அவளுக்குள் இறங்கி உட்கார்ந்துகொண்டது. அவருக்கும் அந்த நாள் நினைவிருந்திருக்கிறது. இத்தனை வருடமும் இரண்டு பேரும் ஒரே நொடியைத் தனித்தனியாக வைத்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். வலது கையைத் தாங்கியிருந்த அவள் விரல்களில் அந்தக் கோணல் நகத்தின் மேல் அவர் கட்டை விரல் வந்து நின்றது. பந்தில் செய்த நகம், கொஞ்சம் குளிர்ச்சியாக இருந்தது.

பிறகு அவர் மோதிர விரல் நகத்தைப் போர்வையில் தேய்த்துப் பார்த்தார். கம்பளி இழை ஒன்று மாட்டிக்கொண்டு வந்தது.

"இது மாட்டுது பாரு. கம்பிலயும் மாட்டும். இன்னும் தேய்."

"எவ்வளவு?"

"மாட்டாம போற வரைக்கும்."

அவள் வழவழப்பான உப்புத்தாளை எடுத்து மடித்துக்கொண்டு அந்த விரலைப் பிடித்தாள். வில்ஃப் கண்ணை மூடிக்கொண்டு அந்தச் சத்தத்தைக் கேட்டார். ஒரு பக்கமாகவே தேய்க்கச் சொன்னார், தேய்த்தாள். மெதுவாக என்றார், வேகத்தைக் குறைத்தாள். கிட்டாரை எடுத்து சுதி சேர்த்து வைக்கட்டுமா என்று கேட்டாள். அதைக் கத்பர்ட் பார்த்துக்கொள்வான் என்றார். அதற்குப் பிறகு அவர் பேசவில்லை. தூங்குகிறார் என்று நினைத்து அவள் தேய்த்துக்கொண்டிருந்தாள்.

கையின் கனம் மாறியபோது அவள் நிமிர்ந்து பார்த்தாள். நெஞ்சு ஏறவில்லை. காத்திருந்து பார்த்தாள், ஏறவில்லை. வில்ஃப் ஹெட்லி இறந்துபோயிருந்தார். கடிகாரத்தில் மூன்று ஐம்பத்திரண்டு. டாக்டருக்குச் சொல்ல வேண்டும், மோய்ரா கொடுத்துவிட்டுப் போன நம்பர் அடுப்படியில் இருந்தது. ஜூடித் எழுந்திருக்கவில்லை. உப்புத்தாள் இன்னும் அவள் விரல்களுக்கு நடுவே இருந்தது.

வெளியே கார்க் கதவுகள் சாத்தும் சத்தம் கேட்டது. கத்பர்ட்டிடம் எப்போதும் ஒரு சாவி உண்டு. ஈரச் சட்டைகளோடும் பெட்டிகளோடும் அவர்கள் நடைக்குள் நெருக்கியடித்துக்கொண்டு, ஒருவரையொருவர் அதட்டி அமைதியாக்குவது கேட்டது. யாரோ பிஸ்கட் டப்பாவைக் கீழே போட்டார்கள். முன்னறைக் கதவு ஒரு விரற்கடை திறந்தது.

"முழிச்சிருக்கானாம்மா?" கத்பர்ட் கிசுகிசுத்தார்.

ஜூடித் திரும்பவில்லை. "ஒரு நிமிஷம் அங்கிள். நகம் முடியல."

கதவு சத்தமில்லாமல் சாத்திக்கொண்டது. குளிரில் வந்த கம்பிகள் சுதி இறங்கிப்போயிருக்கும். நடையில் ஃபிடில்காரர் ஒரு சுரத்தை மெல்ல இழுத்துக் கொடுக்க, ஒன்பது கிட்டார்களும் அதோடு சேரத் தொடங்கின. ஜூடித் அப்பாவின் மோதிர விரலைத் தன் கம்பளிச் சட்டைக் கையில் தேய்த்துப் பார்த்தாள். ஒரு இழை மாட்டியது. தாளை மறுபடி மடித்து, ஒரு பக்கமாகவே, மெதுவாகத் தேய்த்தாள். தூசை ஊதிவிட்டு இன்னொரு முறை தேய்த்துப் பார்த்தாள்.

இந்த முறை மாட்டவில்லை.